மூன்று நாள் விழாவை நம்பிக் கடையை அடமானம் வைக்கலாமா?

இந்த முறை ஒரு சிறு நகரத்தில் ஹார்டுவேர் கடை வைத்திருப்பவர் எழுதியிருக்கிறார். ஊரும் பெயரும் தெரியாதபடி கடிதத்தைச் சுருக்கித் தருகிறேன்.

வயது 54. முப்பது ஆண்டுகளாக அதே இடத்தில் கடை. ஊர் வணிகர் சங்கத்தின் செயலாளரும் அவர்தான். அடுத்த ஆண்டு ஊர் எல்லையில் உள்ள மைதானத்தில் மூன்று நாள் இசை, கலை விழா நடத்த வெளியூர் நிறுவனம் ஒன்று வந்திருக்கிறது. தொடர்ந்து ஐந்து ஆண்டுகள் நடத்துவோம் என்று சொல்கிறார்கள், ஆனால் எழுத்தில் தரவில்லை. அவர்கள் கொடுத்த அறிக்கையில் மூன்று விஷயங்கள் பெரிய எழுத்தில் இருக்கின்றன: 60,000 பார்வையாளர்கள், 1,200 வேலைவாய்ப்புகள், ஊரில் செலவாகும் பணம் ஏழு மடங்காகத் திரும்பும். பதிலுக்கு நகராட்சி மைதான வாடகையை விட்டுக்கொடுக்க வேண்டும், துப்புரவையும் பாதுகாப்பையும் பார்த்துக்கொள்ள வேண்டும், விழா நஷ்டத்தில் முடிந்தால் ஒரு பகுதியை ஈடுகட்ட வேண்டும். வணிகர் சங்கமும் நன்கொடை வசூலித்துத் தர வேண்டும்.

இது ஊர்க் கதை. வீட்டுக் கதை வேறு. கடையின் மாடி காலியாக இருக்கிறது. கடையை அடமானம் வைத்து அங்கே ஆறு அறைகள் கட்டி வாடகைக்கு விட நினைக்கிறார். ஊரில் இருக்கும் விடுதிகளில் மொத்தம் 140 அறைகள், விழா நாட்களில் அவை போதவே போதாது என்பது அவர் கணக்கு. மைத்துனர் கட்டு என்கிறார். மனைவி, “மூணு நாளைக்கு வர்றவங்களை நம்பி முப்பது வருஷக் கடையை அடமானம் வைக்கணுமா?” என்று கேட்டிருக்கிறார். “சங்கத்தில் என்ன பேசுவது, வீட்டில் என்ன முடிவெடுப்பது, இரண்டுக்கும் வழி சொல்லுங்கள்” என்று முடிகிறது கடிதம்.

ஐயா, அறிக்கையின் நகலையும் சேர்த்து அனுப்பியதற்கு நன்றி. அது இல்லாவிட்டால் பொதுப்படையாகத்தான் பேசியிருப்பேன். நான் கணக்குத் தணிக்கையாளர். விழா நடத்துபவர்களுக்கும் கணக்குப் பார்த்திருக்கிறேன், விழா நடக்கும் ஊர்களுக்கும் பார்த்திருக்கிறேன். ஒரே விழாவுக்கு இரண்டு பக்கமும் இரண்டு கணக்கு வரும் என்பது எனக்குப் பழகிப்போன விஷயம்.

உங்கள் மனைவி கேட்ட கேள்வியிலிருந்தே தொடங்குகிறேன். அந்த அறிக்கையில் உள்ள எதையும்விட அது கூர்மையான கேள்வி.

ஆறு அறைக் கணக்கு

ஆறு அறைகள், மூன்று இரவுகள். பெருக்கினால் 18. ஆறு அறைகளை ஆண்டு முழுவதும் வாடகைக்கு வைத்திருந்தால் உங்கள் கையில் இருப்பது 2,190 அறை இரவுகள். அதாவது விழா உங்கள் ஆண்டில் நூற்றில் ஒரு பங்குகூட இல்லை. கூட்டத்தைப் பார்த்து வழக்கமான வாடகையைப்போல் நான்கு மடங்கு வாங்குகிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். 18 இரவுகள் 72 சாதாரண இரவுகளுக்குச் சமமாகும். அப்போதும் நூற்றுக்கு மூன்று சொச்சம்தான். வங்கித் தவணை மட்டும் பன்னிரண்டு மாதமும் வரும்.

ஆக, அந்த அறைகள் பிழைக்குமா என்பதை முடிவு செய்வது விழா இல்லாத 362 நாட்கள். கடிதத்தின் நடுவில் போகிறபோக்கில் ஒரு வரி எழுதியிருக்கிறீர்கள்: “மற்ற நாட்களில் இங்குள்ள விடுதிகள் பாதி காலியாகத்தான் கிடக்கின்றன.” உங்கள் கேள்விக்குப் பதில் அந்த வரியிலேயே இருக்கிறது. பாதி காலியாக இருக்கும் சந்தையில் இன்னும் ஆறு அறைகளைச் சேர்க்கக் கடையை ஈடு வைக்கப் போகிறீர்கள்.

விழா நடக்காமலே போகலாம் என்பதையும் நினைத்துப் பாருங்கள். பிரான்ஸின் அவின்யோன் நகரத்து நாடக விழா 1947 முதல் நடப்பது, உலகப் புகழ் பெற்றது. 2003 இல் கலைஞர்கள், தொழில்நுட்பப் பணியாளர்களின் வேலைநிறுத்தத்தால் அதிகாரபூர்வ விழா அந்த ஆண்டு முழுவதுமாக ரத்தானது. அந்தக் கோடையை நம்பியிருந்த விடுதிகளுக்கும் கடைகளுக்கும் வேலைநிறுத்தத்தில் எந்தப் பங்கும் இல்லை, அடி மட்டும் அவர்களுக்கும் விழுந்தது. 2020 இல் பெருந்தொற்று வந்தபோது ஸ்காட்லாந்தின் எடின்பரோ நகரத்துக் கலை விழாக்கள் 1947 க்குப் பிறகு முதல் முறையாக நின்றன. அரை நூற்றாண்டு தாண்டிய விழாக்களே இப்படி நிற்கும் என்றால், வாய்வார்த்தையில் இருக்கும் ஐந்தாண்டு விழாவை வைத்துத் தவணைக் கணக்குப் போடக் கூடாது.

அறை கட்டவே கூடாது என்று நான் சொல்லவில்லை. விழா வரப்போகிறது என்பதையே மறந்துவிட்டுக் கணக்குப் போட்டுப் பாருங்கள். மற்ற நாட்களின் வருமானத்தில் தவணை கட்ட முடிந்தால் கட்டுங்கள், விழா வாடகை மேல்வரும்படி. முடியாவிட்டால் முதல் ஆண்டு வீட்டில் உபரியாக இருக்கும் ஒன்றிரண்டு அறைகளை மூன்று நாளைக்கு மட்டும் விட்டுப் பாருங்கள். அதற்கும் உள்ளூர் விதிகள் இருக்கும், அனுமதி தேவையா என்று நகராட்சியில் முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள்.

அந்த 60,000 பேர் யார்?

இப்போது சங்கத்துக்கு வருவோம். அறிக்கையின் முதல் பக்கத்தில் 60,000 பார்வையாளர்கள். பதினொன்றாம் பக்கத்தில் பொடி எழுத்தில் “நாளொன்றுக்கு 20,000 நுழைவுகள்”. மூன்று நாட்களும் வருகிற ஒரே ஆளை மூன்று பேராக எண்ணியிருக்கிறார்கள். எல்லோரும் மூன்று நாள் சீட்டு வாங்குபவர்கள் என்றால் மொத்தத் தலைகள் 20,000 தான். ஒரு நாள் மட்டும் வருகிறவர்களும் இருப்பார்கள், அதனால் உண்மை இரண்டுக்கும் நடுவில் எங்கோ இருக்கும். ஆனால் ஒரு நாள் வந்து போகிறவர் விடுதிப் பக்கமே வரமாட்டார் என்பதையும் மறக்க வேண்டாம். கணக்குக்கு 20,000 என்றே வைத்துக்கொள்வோம்.

அதே அட்டவணையில், வருபவர்களில் 45 சதவீதம் பேர் உங்கள் ஊரையும் சுற்றுவட்டாரத்தையும் சேர்ந்தவர்கள் என்று அவர்களே போட்டிருக்கிறார்கள். அது 9,000 பேர். உள்ளூர்க்காரர் விழாவில் செலவழிக்கும் பணம் வட்டாரத்துக்குப் புதுப் பணம் இல்லை. விழா வராவிட்டால் அதே பணத்தை அடுத்த வாரம் உங்கள் தெருவில் ஏதோ ஒரு கடையில் செலவழித்திருப்பார். சொல்லப்போனால் சீட்டு விலையாக அது வெளியூர் நிறுவனத்துக்குப் போகும்போது ஊருக்கு நஷ்டம்தான்.

மிச்சம் 11,000 பேர். இவர்களிலும் உறவினர் வீட்டுக்கு எப்படியும் வர இருந்தவர்கள், வேறு மாதம் வர நினைத்துத் தேதியை மட்டும் மாற்றிக்கொண்டவர்கள் இருப்பார்கள். அவர்களை 2,000 என்று கழித்தால் 9,000 பேர் தேறுகிறார்கள். அந்த 2,000 என் ஊகம்தான். ஆனால் அறிக்கை இந்தக் கழித்தலைச் செய்யவே இல்லை.

இதெல்லாம் நான் புதிதாகக் கண்டுபிடித்தது அல்ல. டெக்சாஸ் ஏ அண்ட் எம் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஜான் கிராம்ப்டன் 1995 லேயே இப்படிப்பட்ட அறிக்கைகளில் நடக்கும் தவறுகளைப் பதினொன்றாக வகைப்படுத்தி எழுதிவிட்டார். விளையாட்டுப் பொருளாதாரம் படிக்கும் விக்டர் மாதெசன் இன்னும் சுருக்கமான வழி சொல்வார்: விழாக்காரர் தரும் தொகையில் தசமப் புள்ளியை ஓர் இடம் இடப்பக்கம் தள்ளிப் பாருங்கள் என்று. கிண்டல்தான், ஆனால் பல நேரம் கிட்டத்தட்டச் சரியாக வருகிறது.

வருகிறவர்களை மட்டும் எண்ணி, வராமல் போகிறவர்களை விட்டுவிடுவது இன்னொரு தவறு. லண்டனில் ஒலிம்பிக் நடந்த 2012 ஆகஸ்டில் பிரிட்டனுக்கு வந்த வெளிநாட்டுப் பயணிகளின் எண்ணிக்கை முந்தைய ஆண்டு ஆகஸ்டைவிடக் குறைவு. கூட்டத்துக்கும் விலைக்கும் பயந்து வழக்கமான சுற்றுலாப் பயணிகள் ஒதுங்கிவிட்டார்கள். வந்தவர்கள் அதிகமாகச் செலவழித்ததால் மொத்தச் செலவு கூடியது என்பதும் உண்மை, அதை மறைக்கக் கூடாது. ஆனாலும் கழிக்க வேண்டியதைக் கழிக்காமல் கூட்டல் மட்டும் போட்டால் அது பாதிக் கணக்குத்தான்.

ஒருமுறை இப்படியொரு விழா ஊரில் காலை முதல் மாலை வரை கடைத்தெருவில் நின்றேன். தெருமுனையில் தடுப்புக் கட்டை போட்டு வண்டிகளைத் திருப்பிவிட்டார்கள். தையல் கடைக்காரர் ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு வாசலில் உட்கார்ந்திருந்தார். துணி வாங்க வரவேண்டியவர்களால் வண்டியோடு உள்ளே வர முடியவில்லை, அன்றைக்குக் கல்லாவில் ஒரு காசு விழவில்லை. நான்கு கடை தள்ளி, செல்போன் சார்ஜ் போட்டுக் கொடுத்தவருக்கு நிற்க நேரமில்லை. பிற்பகலில் மழை பிடித்தது. உங்களைப்போல் ஹார்டுவேர் கடை வைத்திருந்த ஒருவர் இருந்த தார்ப்பாய், கயிறு, ரப்பர் பூட்ஸ் அத்தனையையும் ஒரு மணி நேரத்தில் விற்றுத் தீர்த்தார். ஒரே தெரு, ஒரே நாள். அறிக்கையில் இவர்கள் எல்லோரும் “உள்ளூர் வணிகம்” என்ற ஒரே வரியில் அடங்கிவிடுவார்கள்.

ஏழு மடங்கு எங்கிருந்து வந்தது?

இதைக் கொஞ்சம் பொறுமையாகப் பாருங்கள், சங்கக் கூட்டத்தில் உங்களை மடக்கப் போவது இதுதான்.

வெளியூர்க்காரர் ஒருவர் உங்கள் கடையில் நூறு செலவழிக்கிறார். அந்தச் சரக்கை வெளியூர் மொத்த வியாபாரியிடம் 75 கொடுத்து வாங்கியிருப்பீர்கள், அது அங்கேயே போய்விடுகிறது. ஊரில் தங்குவது 25: உங்கள் லாபம், கடைப் பையனின் சம்பளம், கட்டட வாடகை. அந்த 25 இல் ஒரு 10 மறுபடியும் உள்ளூர்க் கடைகளில் செலவாகும். அந்தப் பத்திலும் முக்கால்வாசி சரக்குக்காக வெளியே போக, இரண்டரை நிற்கும். இப்படியே தேய்ந்துகொண்டு போனால் கடைசியில் ஊருக்கு மிஞ்சுவது 28 போல. நூறு 700 ஆகவில்லை, 28 ஆகிறது. நான் போட்ட விகிதத்தை மாற்றி, சரக்கையும் உள்ளூரிலேயே தயாரிக்கும் தொழிலை எடுத்துக்கொண்டால் கூடுதலாக நிற்கும். ஆனால் ஊர் சிறியதாக இருக்க இருக்கப் பணம் சீக்கிரம் வெளியேறும். செலவான பணம் ஊருக்குள் எத்தனை மடங்காகும் என்று பெருநகரத்துக்குப் போட்ட எண்ணை எடுத்துச் சிறு நகரத்துக்கு ஒட்டுவது இந்த அறிக்கைகளில் சாதாரணமாக நடக்கிற வேலை. கை மாறுகிற ஒவ்வொரு விற்பனையையும் கூட்டி அதை “வருமானம்” என்று எழுதுவதும் அப்படித்தான்.

1,200 வேலையையும் இதே தராசில் போடுங்கள். மூன்று நாள் வேலை 1,200 பேருக்கு என்றால் 3,600 ஆள் நாட்கள். ஓர் ஆள் ஆண்டுக்கு 240 நாள் வேலை செய்வார் என்று வைத்தால் அது 15 பேரின் ஓராண்டு வேலை. மேடை கட்டுவது, பிரிப்பது எல்லாம் சேர்த்து இருபது என்றே இருக்கட்டும். அதிலும் ஒலி, ஒளி பார்ப்பவர்கள் நிறுவனத்தோடு லாரியில் வந்து லாரியிலேயே போய்விடுவார்கள்.

இதற்கு மறுபக்கமும் உண்டு. 2023 ஜூலையில் அமெரிக்க மத்திய வங்கி வெளியிட்ட பொருளாதார நிலவர அறிக்கையில், பெருந்தொற்று தொடங்கியபின் பிலடெல்பியா விடுதிகளுக்கு மிக நல்ல வருமானம் வந்தது அந்த மே மாதத்தில்தான் என்றும், டெய்லர் ஸ்விஃப்ட் கச்சேரிக்கு வந்த கூட்டம் அதற்குப் பெரிய காரணம் என்றும் பதிவானது. பெரிய நிகழ்ச்சி பணத்தைக் கொண்டுவரும், மறுப்பதற்கில்லை. அதே மே மாதம் ஸ்டாக்ஹோமில் பாடகி பியான்சே உலகச் சுற்றுப்பயணத்தைத் தொடங்கினார். ஸ்வீடனின் பணவீக்கம் எதிர்பார்த்த அளவு இறங்காததற்கு அப்போது ஏறிய விடுதிக் கட்டணமும் ஒரு காரணம் என்று வங்கிப் பொருளாதார நிபுணர் ஒருவர் கணித்தார். விடுதி முதலாளிக்கு வருமானமாகத் தெரிவது, அதே வாரம் வேறு வேலையாக அந்த ஊருக்குப் போனவருக்கு விலையேற்றம். அப்புறம், பிலடெல்பியாவில் ஆயிரக்கணக்கான அறைகள் இருக்கின்றன. உங்கள் ஊரில் 140. அறைக்கு இருவர் என்றால் ஓர் இரவுக்கு 280 பேர். மிச்சமுள்ளவர்கள் மைதானத்துக் கூடாரத்தில் படுப்பார்கள், அல்லது கடைசிப் பேருந்தைப் பிடிப்பார்கள். ஊருக்கு வருகிற பணத்தின் அளவு கூட்டத்தைப் பொறுத்தது மட்டும் அல்ல, அந்தப் பணத்தை வாங்கிக்கொள்ள ஊரில் எத்தனை கை இருக்கிறது என்பதையும் பொறுத்தது.

வேலி எங்கே போடுகிறார்கள்?

அறிக்கையில் இல்லாத, நான் முதலில் தேடிய காகிதம் ஒன்று உண்டு. மைதானத்தின் வரைபடம். வேலி எங்கே, வாசல் எங்கே, வாசல் கடைத்தெருப் பக்கம் திறக்கிறதா நெடுஞ்சாலைப் பக்கம் திறக்கிறதா, உள்ளே கடை போடும் உரிமை யாருக்கு, ஒருமுறை வெளியே போனவர் திரும்ப உள்ளே வரலாமா? ஊருக்கு என்ன கிடைக்கும் என்பதில் பாதி இங்கேயே முடிவாகிவிடும். வேலிக்குள்ளேயே எல்லாம் விற்று, உள்ளே கடை போடும் உரிமையை ஏற்கெனவே வேறு நிறுவனத்துக்குக் கொடுத்து, வெளியே போனால் திரும்பி வர முடியாது என்று வைத்துவிட்டால், மூன்று நாளும் உங்கள் தெரு ஒலிபெருக்கிச் சத்தம் மட்டும் கேட்டுக்கொண்டிருக்கும்.

எடின்பரோவில் 1947 இல் முதல் விழா நடந்தபோது அழைப்பில்லாத எட்டு நாடகக் குழுக்கள் தாங்களாகவே வந்து, கிடைத்த அரங்குகளில் நாடகம் போட்டன. ஃப்ரிஞ்ச் என்று இன்று உலகத்துக்கே தெரிந்த விழா அதிலிருந்து வளர்ந்தது. அங்கே வேலியே கிடையாது. தேவாலயக் கூடம், மதுவிடுதியின் பின்னறை என நகரம் முழுக்க மேடைகள். ஒரு நாடகம் முடிந்து அடுத்ததற்கு நடக்கிற வழியெல்லாம் பணம் சிந்துகிறது. கூடவே ஆகஸ்ட் மாத வாடகை கண்ணைக் கட்டும், வீடுகள் குறுகிய கால வாடகைக்கு மாறி நிரந்தரக் குடித்தனக்காரர்கள் தவிப்பார்கள். வேலி இல்லாவிட்டால் நல்லதும் கெட்டதும் சேர்ந்தே பரவும்.

வேலி உள்ள விழாவிலும் ஊர் பிழைக்க முடியும் என்பதற்கு ஜெர்மனியின் வாக்கென் ஓர் உதாரணம். ஏறக்குறைய 2,000 பேர் வாழும் கிராமம். 1990 இல் உள்ளூர் இளைஞர்கள் தொடங்கிய ஹெவி மெட்டல் விழாவுக்கு முதல் ஆண்டு சில நூறு பேர்தான் வந்தார்கள். இப்போது 85,000 பேர். விழா நாட்களில் கிராமத்து வீடுகளின் முன்தோட்டமே கடையாகிவிடுகிறது, பிள்ளைகள் தள்ளுவண்டியில் ரசிகர்களின் மூட்டைகளை இழுத்துப் போய்க் காசு பார்க்கிறார்கள். தொடங்கியவர்கள் ஊர்க்காரர்கள், முப்பது ஆண்டுகளில் கிராமமும் விழாவும் ஒன்றுக்கொன்று பழகிக்கொண்டன. அங்கேயும் 2023 இல் மழை கொட்டி மைதானம் சேறாகி, சீட்டு வாங்கியிருந்தவர்களில் பல ஆயிரம் பேரை உள்ளே விடாமலே நிறுத்த வேண்டியதாயிற்று.

உங்களுக்குக் கிடைத்திருப்பது ஊர்க்காரர் தொடங்கிய விழா அல்ல. அதனால் அங்கே பழக்கத்தில் வந்ததை நீங்கள் ஒப்பந்தத்தில் எழுதி வாங்க வேண்டியிருக்கிறது.

கையெழுத்துக்கு முன்

நகராட்சியும் சங்கமும் சேர்ந்து போய்க் கேட்டால் பலம் கூடும். மைதானமும் அனுமதியும் உங்கள் பக்கம் இருக்கின்றன. கையெழுத்துப் போடும் வரைதான் அந்தப் பலம். நான் கேட்கச் சொல்வது இவை:

கடை உரிமை. வேலிக்குள் உள்ள கடைகளில் குறிப்பிட்ட பங்கு உள்ளூர் வணிகர்களுக்கு, கட்டக்கூடிய வாடகையில். பந்தல், ஜெனரேட்டர், கட்டுமானச் சாமான், அச்சு வேலை ஆகியவற்றுக்கு முதலில் உள்ளூரில் விலை கேட்க வேண்டும். உங்கள் கடைக்கு இதில்தான் நிஜமான வியாபாரம் இருக்கிறது. மேடைக்குத் தேவையான ஆணி, கம்பி, கயிறு எல்லாம் லாரியில் வருவதா, உங்களிடம் வாங்குவதா என்பது ஆறு அறையைவிடப் பெரிய விஷயம்.

கடன் வியாபாரம். இதில் உறுதியாக இருங்கள். 2017 இல் பஹாமாஸ் தீவு ஒன்றில் ஃபயர் விழா என்று ஒன்றை அறிவித்து, தொடங்கும் நாளிலேயே அது கவிழ்ந்தது. ஏற்பாடு செய்தவருக்கு மறு ஆண்டு மோசடிக் குற்றத்துக்காக ஆறு ஆண்டு சிறைத்தண்டனை கிடைத்தது. ஆனால் தீவில் இரவு பகலாக உழைத்த தொழிலாளர்களும் சாப்பாடு போட்ட உணவகக்காரரும் கூலிக்கும் பாக்கிக்கும் அலைந்தார்கள். தீர்ப்பு வந்தால் பாக்கி தானாக வசூலாகிவிடும் என்று நினைக்காதீர்கள். பாதிப் பணம் முன்பணமாகவும் மீதி சரக்கு இறங்கும்போதும் வாங்குங்கள். கூலிக்கும் பாக்கிக்குமாக ஒரு தொகையை நிறுவனம் நகராட்சியிடமோ வங்கியிலோ வைப்பாகக் கட்டச் சொல்லுங்கள், எல்லாப் பாக்கியும் தீர்ந்தபின் திருப்பித் தரலாம்.

நஷ்ட உத்தரவாதம். லாபம் வந்தால் நிறுவனத்துக்கு, நஷ்டம் வந்தால் ஊருக்கும் பங்கு என்ற பிரிவை எந்தத் தணிக்கையாளரும் ஒப்புக்கொள்ளச் சொல்லமாட்டார். 2024 ஒலிம்பிக்கை நடத்தும் வாய்ப்புக்குப் போட்டியிட்ட அமெரிக்காவின் பாஸ்டன் நகரத்தின் மேயர், செலவு மீறினால் நகரம் பொறுப்பேற்கும் என்ற உத்தரவாதத்தில் இப்போதைக்குக் கையெழுத்திட முடியாது என்று 2015 ஜூலையில் சொன்னார். அன்றே பாஸ்டன் போட்டியிலிருந்து விலகியது. கனடாவின் மான்ட்ரியால் 1976 இல் நடத்திய ஒலிம்பிக்கின் கடனை அடைத்து முடித்தது 2006 இல். உங்கள் விழா அதன் முன் கடுகளவு, உங்கள் நகராட்சியின் கஜானாவும் அப்படியே. வாடகையை விட்டுக்கொடுப்பதற்குப் பதில், விற்கும் சீட்டு ஒன்றுக்கு இவ்வளவு என்று நகராட்சிக்குப் பங்கு கேளுங்கள். கூட்டம் வந்தால் இரு தரப்புக்கும் லாபம், வராவிட்டால் யாரும் யாருக்கும் கடன்காரர் இல்லை.

மற்றவை சுருக்கமாக. துப்புரவு, சாலைச் சேதம், மைதானத்தைப் பழைய நிலைக்குக் கொண்டுவரும் செலவு யாருடையது என்று எழுத வேண்டும். ரத்தானால் முன்பணம் என்னாகும் என்று எழுத வேண்டும். பொது விபத்துக் காப்பீட்டின் நகலைக் கண்ணால் பார்க்க வேண்டும். ஐந்தாண்டு வாக்குறுதி எழுத்தில் வேண்டும், முதல் ஆண்டு முடிவில் விலகிக்கொள்ள உங்களுக்கும் உரிமை வேண்டும். கடைசி வரைவை உள்ளூர் வழக்கறிஞர் ஒருவர் படித்துப் பார்க்கட்டும், சட்டம் இடத்துக்கு இடம் மாறும்.

தேதியையும் பேசுங்கள். விடுதிகள் நிரம்பும் மாதத்தில் விழா வைத்தால் வழக்கமாக வருபவரை விரட்டிவிட்டுப் புதியவரை உட்கார வைப்பதாகும். ஈயாடும் மாதத்துக்கு மாற்றச் சொல்லுங்கள். செலவில்லாமல் லாபம் கூட்டக் கிடைக்கிற ஒரே வழி என்று நான் கண்டது இதுதான்.

சங்கத்தின் நன்கொடையைப் பற்றி: எல்லாக் கடைக்காரரிடமும் ஒரே தொகை வசூலிப்பது நியாயமில்லை. நான் பார்த்த தையல் கடைக்காரரை நினைத்துக்கொள்ளுங்கள். விழாவால் லாபம் பெறுகிற தொழில்காரர்கள் கொடுக்கட்டும், தடுப்புக் கட்டைக்குப் பின்னால் மாட்டிக்கொள்பவர்களைக் கேட்காதீர்கள்.

நகராட்சி செலவிடப்போகும் பணத்துக்கும் இன்னொரு பயன் இருந்திருக்கும் என்று கூட்டத்தில் ஒருவராவது நினைவுபடுத்த வேண்டும். அதே பணத்தில் கடைத்தெருச் சாலையைப் போட்டாலும் கூலி உள்ளூரில்தான் சுற்றும், சாலையும் நிற்கும்.

ஒரு தவறான முடிவுக்கும் போய்விடாதீர்கள்

இவ்வளவும் படித்துவிட்டு “அப்படியானால் விழாவே வேண்டாம்” என்று நீங்கள் எழுந்தால் அது என் குற்றம். பணத்தை மட்டும் காட்டி விழாவை விற்கிறார்கள், அதனால் நாமும் பணத்தை மட்டும் வைத்து அதை எடைபோடுகிறோம். பூங்காவையும் நூலகத்தையும் யாரும் ஏழு மடங்கு திரும்புமா என்று கேட்டுக் கட்டுவதில்லை. ஊர்ப் பிள்ளைகள் பெருநகரம் வரை போகாமல் நல்ல இசையை நேரில் கேட்பது, மேடைக்குப் பின்னால் நின்று ஒலிப்பொறி, விளக்கு வேலை பழகுவது, மூன்று நாள் ஊரே ஒன்றாகத் தெருவில் நிற்பது, இவற்றுக்கெல்லாம் மதிப்பு உண்டு. அதற்காக ஊர் ஒரு தொகையைச் செலவழிக்கலாம், தப்பில்லை. ஆனால் “இது செலவு, எங்கள் மகிழ்ச்சிக்காகச் செய்கிறோம்” என்று எழுதிச் செய்ய வேண்டும். முதலீடு என்று எழுதினால் அடுத்த ஆண்டு கணக்குக் கேட்கும்போது எல்லோரும் முழிக்க வேண்டியிருக்கும்.

நீண்ட காலப் பலனும் பொய் இல்லை. வேல்ஸ் எல்லையில் இருக்கும் ஹே-ஆன்-வை 2,000 பேர்கூட இல்லாத சிற்றூர். 1988 முதல் அங்கே புத்தக விழா நடக்கிறது. ஆனால் அறுபதுகளிலிருந்தே அது பழைய புத்தகக் கடைகளின் ஊர். விழா முடிந்து கூட்டம் கலைந்தாலும் திரும்பி வருவதற்கு அந்தக் கடைகள் இருந்தன. உங்கள் ஊருக்கு விழா இல்லாத மாதத்தில் ஒருவர் திரும்பி வர என்ன இருக்கிறது? சங்கத்தில் ஒரு மாலை இதை மட்டும் பேசினாலும் நல்லது.

விழா நடந்தால் நீங்களே கணக்கெடுங்கள், நிறுவனத்திடம் விடாதீர்கள். கல்லூரிப் பிள்ளைகள் நாலு பேரை வாசலில் நிறுத்தி, பத்தாவதாக வரும் ஒவ்வொருவரிடமும் மூன்றே கேள்வி கேட்கச் சொல்லுங்கள்: எந்த ஊர், விழாவுக்காகவே வந்தீர்களா, இன்றிரவு எங்கே தங்குகிறீர்கள். கடைகளில் அந்த வாரத்துக்கு முந்தைய இரண்டு வாரம், பிந்தைய இரண்டு வார விற்பனையையும் குறித்து வைக்கச் சொல்லுங்கள். விழா வாரத்தில் ஏறியது அடுத்த வாரம் இறங்கியிருந்தால், வந்தது புதுப் பணம் இல்லை என்று தெரிந்துவிடும். இரண்டாம் ஆண்டு பேச்சுவார்த்தைக்கு அந்த நோட்டுப் புத்தகம் போதும்.

சரி, வரைபடமும் ஒப்பந்த வரைவும் கைக்கு வந்ததும் எனக்கு ஒரு பிரதி அனுப்புங்கள், பார்த்துச் சொல்கிறேன். மாடியை இப்போதைக்கு அப்படியே விடுங்கள் என்று உங்கள் மனைவியிடம் நானே சொன்னதாகச் சொல்லலாம். விழா உறுதியானால் தார்ப்பாயும் கயிறும் ரப்பர் பூட்ஸும் மட்டும் கொஞ்சம் கூடுதலாக வாங்கி வையுங்கள். மழை வராவிட்டாலும் கெட்டுப்போகிற சரக்கு இல்லை.